ஏழு நடக்குது

“…ஆறு முடிஞ்சு ஏழு நடக்குதுங்கக்கா” என்றாள் சின்னம்மா, பஸ்ஸில், மடியில் லீக்ஸ் மரக்கறி மூட்டையோடு பக்கத்தில் உட்கார்ந்திருந்த யாரோ ஒரு அம்மாவிடம். எனக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது.

வராமல் என்ன செய்யும்? அன்று காலை ஆஸ்பத்திரியில் டாக்டர் சொன்னதை நானும் நின்று கேட்டிருந்தேன். வயிற்றில் இருப்பது கட்டி, கர்ப்பப்பையோடு எடுத்துவிட வேண்டும். கல்யாணமாகி ஒன்பது வருடம் கோயில் கோயிலாக ஏறி இறங்கியவள், “சரிங்க” என்று மட்டும் சொன்னாள்.

அட்டனில் பஸ் ஏறினால் கால் வைக்க இடமில்லை. கண்டக்டர் சின்னம்மாவின் வயிற்றைப் பார்த்தார். கர்ப்பிணிகள் சீட்டில் தொந்தியும் தானுமாகத் தூங்குவதுபோல் நடித்துக்கொண்டிருந்தவரைத் தட்டினார்.

“ஐயா, ஒங்களுக்கு எத்தன மாசம்?”

பஸ்ஸே சிரித்தது. மனிதர் எழுந்துவிட்டார். சின்னம்மா கொஞ்சம் தயங்கி நின்றாள். பிறகு உட்கார்ந்தாள்.

அப்புறம் சொல்லவா வேண்டும், ஆளாளுக்கு வைத்தியம். “வயிறு கூரா இருக்கு, ஆம்பளப் பயதான்” என்றார் லீக்ஸ்கார அம்மா. “இனி கொழுந்துக்குப் போவாத புள்ள, கங்காணி கத்துனா கத்திட்டுப் போறான்” என்றது பின் சீட்டு. யாரோ மாங்காய் அச்சாறு நீட்டினார்கள். எழுப்பிவிடப்பட்டவர்கூட, “டிரைவர், பள்ளத்துல பாத்து எறக்குப்பா, புள்ளத்தாச்சி இருக்கு” என்று அதிகாரம் பண்ணினார்.

எல்லாவற்றுக்கும் சின்னம்மா பதில் சொன்னாள். உதைக்கிறானாம். புளிப்புத்தான் கேட்கிறானாம். சீட்டுக்காக இத்தனை பொய்யா என்று எனக்குப் பெருமையாக இருந்தது. எட்டு வயது மூளைக்கு எட்டியவரை நானும் உதவினேன்: “எனக்குத் தங்கச்சிப் பாப்பாதான் வேணும்!”

சின்னம்மா என்னைப் பார்த்தாள். அடிக்கப் போகிறாள் என்று நினைத்தேன். தலையைத் தடவினாள்.

நோர்வூட் தாண்டி நாங்கள் இறங்கவேண்டிய தேயிலைத் தோட்டத்து முடக்கு வந்தது. “அவசரமில்ல தங்கச்சி, மெதுவா எறங்குங்க” என்று கண்டக்டர் ஆட்களை விலக்கினார். நான் வாசலுக்கே போய்விட்டேன்.

“வாங்க சின்னம்மா!”

அவள் எழும்பவில்லை. “நாங்க கடைசி வரைக்கும் போறோங்க” என்றாள் கண்டக்டரிடம்.

பஸ் கடைசியாகப் போய் நிற்கும் பொகவந்தலாவையில் எங்களுக்கு யார் இருக்கிறார்கள்? எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. பஸ் நகர்ந்தது. சின்னம்மா இரண்டு கையாலும் வயிற்றை அணைத்துக்கொண்டு, லீக்ஸ்கார அம்மாவின் பக்கம் திரும்பி, என்ன பெயர் வைக்கலாம் என்று கேட்க ஆரம்பித்தாள்.