நான் அடிக்காத தண்டோரா

நீங்கள் பொய் எழுதினீர்கள், குமாஸ்தா ஐயா. நான் அடிக்காத தண்டோராவை அடித்ததாக எழுதினீர்கள்.

பாகூர்ப் பக்கம் எங்கள் ஊரில் தண்டோரா போட்டவன் நான். மேரி என்று நாங்கள் சொன்ன கொம்யூன் ஆபீசிலிருந்து ஆள் வரும். பறையை நெருப்பில் காட்டி எடுத்துக்கொண்டு கிளம்புவேன். ஏரி மதகு திறப்பதென்றால் முதல் நாளே ஊரிலும் சேரியிலும் அடித்துச் சொல்ல வேண்டும். பிரெஞ்சுக்காரன் காலத்திலும் அதுதான் வழக்கம். பறை கேட்டால்தான் சனங்கள் வாய்க்காலை விட்டு மேலே ஏறுவார்கள்.

கொடி மாறிய மறுவருஷம் நீங்கள் வந்தீர்கள். ஆபீஸ் சுவரில் பலகை மாட்டி, இனி எல்லாம் இதில் ஒட்டப்படும் என்றீர்கள். சேரியில் ஒருவருக்கும் படிக்கத் தெரியாது. தண்டோரா போட்டதற்குக் கணக்குக் காட்ட, மாசம் பிறந்ததுமே நோட்டின் வெற்றுத்தாளில் என்னிடம் கைநாட்டு வாங்கிக்கொண்டீர்கள். நாலு தடவை நடக்க வேண்டாமே என்று நானும் வைத்தேன். அது என் மடத்தனம்.

மழைக்கு முன்னால் சுவர் வைக்க, காய்ந்த வாய்க்காலில் சேரிக்காரர்கள் சுடாத பச்சைக்கல் அறுத்துக் காயப் போட்டிருந்தார்கள். நாளைக்கு மதகு திறக்கிறார்கள் என்று மாடு மேய்ப்பவர் ஒருவர் வந்து சொன்னார். என் அக்கா சிரித்தாள்.

"இன்னாய்யா பேசற? என் தம்பி பறையே அடிக்கல, தண்ணி எப்பிடி வரும்? போய் மாட்டப் பாரு."

நானும் சிரித்தேன். மறுநாள் காலையில் தண்ணீர் வந்தது. மத்தியானத்துக்குள் கல்லெல்லாம் சேறு.

உங்களிடம் வந்து கேட்டேன். நோட்டைத் திறந்து, "தண்டோரா போட்டாச்சு. இதோ உன் கைநாட்டு" என்றீர்கள். நீங்கள் சொன்னது சேரிக்குப் போய்ச் சேர்ந்தது.

"எங்கடா போட்ட? உன் மாமியார் வூட்லயா?" என்று கேட்டார்கள்.

கோபம்கூட வரவில்லை. வீட்டுக்குப் போய்ச் சோறு தின்றேன். அந்த மழை முழுக்க அக்கா ஓலைத் தட்டிக்குப் பின்னால் பிள்ளைகளோடு கிடந்தாள். என்னோடு பேசவில்லை. சில வருஷம் கழித்துச் செத்துப்போனாள். தூக்கிக்கொண்டு போனபோதும் எனக்கு அழுகை வரவில்லை.

எலெக்‌ஷன் வந்தது, ஆட்கள் மாறினார்கள். நான் கரும்பு வெட்டினேன், மூட்டை தூக்கினேன், வயசான பிறகு எழுதப் படிக்கக் கற்றேன். நாள் போனதே தெரியவில்லை. நீங்கள் பென்ஷன் வாங்கிக்கொண்டு, மேடையில் நேர்மையைப் பற்றிப் பேசுகிறீர்கள்.

அடுத்த கூட்டத்துக்குச் சேரிச் சனத்தோடு வருகிறேன். அந்தத் தண்டோராவை நான் எந்தத் தெருவில் அடித்தேன், யார் கேட்டார்கள்? மைக்கில் சொல்லுங்கள்.