சாவுக்குப் பிறகு ஒரு சிரிப்பு

"எங்கள விட்டுட்டுப் போயிட்டீகளே...!"

ஹாலிலிருந்து ஒப்பாரிச் சத்தம் கேட்டது. அடுப்படியில் டீ வடிகட்டிக்கொண்டிருந்த சங்கிலியின் கை அப்படியே நின்றது. டிவியில் ஓடுவது எந்தப் படம், எந்தக் காட்சி என்று அவருக்குத் தெரியும். செத்துக் கிடப்பது அவர்தான்.

பேச்சுத் துணைக்கு ஆளில்லாத வீடு அது. சத்தமாவது இருக்கட்டும் என்று ஆனையூரின் அந்தச் சின்ன வீட்டில் டிவியை அணைக்கவே மாட்டார். இன்றைக்குப் பார்த்தா இந்தப் படத்தைப் போட வேண்டும்? ஹாலில் மகள் பவதாரிணி உட்கார்ந்திருந்தாள். அம்மா செத்த பிறகு இந்த வாசலை மிதிக்காதவள், அம்மாவின் தையல் மிஷினை எடுத்துப்போக இன்று வந்திருந்தாள். வந்ததிலிருந்து ஒரு தடவைகூட 'அப்பா' என்று கூப்பிடவில்லை. அந்த ஒரு வார்த்தைக்காகத்தான் சங்கிலி டீ போடும் சாக்கில் நேரத்தை இழுத்துக்கொண்டிருந்தார்.

சங்கிலி திருவாதவூர்க்காரர். திருவிழா நாடகங்களில் ராஜா வேஷம் அவருக்கு வாய்த்ததே இல்லை. மந்திரி, காவல்காரன், எமன், இப்படித்தான். சினிமாவில் ஏட்டையா, பஞ்சாயத்தில் தலையாட்டும் பெரியவர். ஒரு படத்தில் கதாநாயகியின் அப்பாவாகச் செத்துக் கிடந்தார். மூக்கில் ஈ உட்கார்ந்தும் அசையவில்லை. அதன் பிறகு மதுரைப் பக்கம் எந்தப் படத்தில் சாவு விழுந்தாலும் அவரைத்தான் தேடினார்கள்.

"சங்கிலியண்ணே செத்தாத்தாய்யா சாவு வீடு களைகட்டுது!" என்று லைட் பிடிப்பவர்கள் கேலி பேசுவார்கள்.

பிணமாக நடித்தவரைச் சும்மா அனுப்ப மாட்டார்கள். எழுப்பி உட்காரவைத்து, கேமராவைப் பார்த்து ஒருமுறை சிரிக்கச் சொல்வார்கள். அபசகுனம் கழிவதற்காக. அந்தச் சிரிப்பு எந்தப் படத்திலும் வராது.

அதற்காகக் காத்திருந்தவள் ஒருத்தி உண்டு. மனைவி செல்லக்கிளி. ஷூட்டிங் முடிந்து வந்தால் கதவைப் பாதி திறந்து கேட்பாள்.

"சிரிச்சிட்டு வந்தீகளா?"

"சிரிச்சிட்டேன்டி."

"எங்க, எனக்கும் ஒருக்கா சிரிங்க."

சிரித்தால்தான் உள்ளே விடுவாள்.

இதோ, டிவியில் ஓடும் இந்தக் காட்சியை எடுத்த அன்றுதான் அவள் சிம்மக்கல்லில் காய் வாங்கப் போன இடத்தில் சுருண்டு விழுந்தாள். கூடப் போயிருந்த பவதாரிணி ஒருத்தியாக அவளை ஆட்டோவில் தூக்கிப்போட்டு ஆஸ்பத்திரிக்கு ஓடினாள். வழியெல்லாம் அப்பாவுக்கு போன் அடித்தாள். பாடையில் கிடக்கும் பிணத்தின் மடியில் போன் இருக்குமா? அது மேனேஜர் பையில் கிடந்தது. ஷாட் முடிந்து, சிரிப்பையும் எடுத்த பிறகுதான் விஷயத்தைச் சொன்னார்கள். அதற்குள் செல்லக்கிளி போய்விட்டாள்.

யாரோ அந்தச் சிரிப்பை பேஸ்புக்கில் போட்டுவிட்டார்கள். நெற்றியில் காசு, கழுத்தில் மாலை, வாய் கொள்ளாத சிரிப்பு. அம்மாவை எரித்துவிட்டு வந்த அன்று மகள் அதைப் பார்த்தாள்.

சங்கிலி டீயைக் கொண்டுவந்து வைத்தார். அவள் டம்ளரைத் தொடவில்லை.

"எங்கம்மா அங்க உசுருக்கு இழுத்துக்கிட்டுக் கெடந்துச்சு. நீங்க இம்புட்டுச் சிரிப்புச் சிரிச்சிருக்கீங்க. மத்த படத்துல பேருக்குத்தான சிரிப்பீங்க? அன்னைக்கு மட்டும் என்ன வந்துச்சு?"

சங்கிலி டிவியையே பார்த்தபடி சொன்னார்.

"காலையில கெளம்பயில உங்கம்மாதான்த்தா சொல்லிவிட்டா. 'போன தடவ சிரிச்சது பத்தல. நல்லாப் பல்லுத் தெரியச் சிரிச்சிட்டு வாங்க, இல்லாட்டிக் கதவத் தெறக்க மாட்டேன்'னா. சிரிச்சேன். வந்து பாத்தா கதவு தெறந்தேதான் கெடந்துச்சு. கேக்கத்தான் ஆளில்ல."

பவதாரிணி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"யக்கா, மிஷின ஏத்தியாச்சு! பஸ்ஸு போயிரும்க்கா!" வாசலில் ஆட்டோக்காரர் சிக்கந்தர் குரல் கொடுத்தார்.

அவள் எழுந்தாள். படியிறங்கினாள். அவ்வளவுதான் என்று சங்கிலி நினைத்தபோது, திரும்பி வந்து கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"அப்பா."

அவர் நிமிர்ந்தார்.

"உங்களப் பொணமாப் பாத்துட்டேன். அப்பிடியே போகக்கூடாதுல்ல? ஒருக்கா சிரிங்க."

எத்தனையோ டைரக்டர்கள் சொன்னவுடன் சிரித்தவர். இப்போது உதடு கோணியது. கண்ணீர் பொலபொலவென்று கொட்ட, எப்படியோ சிரித்தார்.

"வாரேன்ப்பா" என்றாள்.

அந்தச் சிரிப்பு கலைவதற்குள் அவளே கதவைச் சாத்தினாள்.