அப்பாவைப் பற்றி ஒரு இங்கிலீஷ் சொல்

அம்மா போன பிறகு அல்சூர் வீட்டில் நானும் அப்பாவும் மட்டும்தான். அவர் மைசூர் சர்க்காரில் குமாஸ்தாவாக இருந்து ஓய்வு பெற்றவர். நான் சிவாஜிநகரில் ஒரு கம்பெனியில் டைப்பிஸ்ட். காலையில் "போயிட்டு வரேம்ப்பா" என்பேன். "போயிட்டு வாம்மா" என்பார். ஞாயிற்றுக்கிழமை தனியாக மேட்னிக்குக் கிளம்பினாலும் அதே பதில்தான். எங்கே, யாரோடு என்று ஒரு நாளும் கேட்டதில்லை. அவருக்கும் சேர்த்துத் தெருவே கேட்டது.

அறுபதுகளின் ஆரம்பத்தில், என்னைப் பெண் பார்த்துவிட்டுப் போன ஒரு குடும்பம் இங்கிலீஷில் கடிதம் போட்டது. பெண்ணைக் குறை சொல்வதற்கில்லையாம். அப்பாதான் 'பர்மிசிவ்' ஆனவராம், அதனால் வேண்டாமாம். சர்க்கார் உத்தரவுகளின் இங்கிலீஷ் அப்பாவுக்குத் தண்ணீர்பட்ட பாடு. அதில் இந்தச் சொல் வந்ததில்லை.

"உங்க ஆபீஸ்ல பெரிய டிக்‌ஷனரி இருக்கில்ல, பாத்துட்டு வந்து சொல்லு" என்றார்.

மறுநாள் சாப்பாட்டு வேளையில் பார்த்தேன். சுதந்திரம் கொடுக்கிற, தடுக்காத என்று போட்டிருந்தது. வேர் லத்தீனாம், போக விடுவது, வழிவிடுவது என்று அர்த்தம். வசவு என்று எங்கும் போடவில்லை. வசவாக்கியது அந்தப் புண்ணியவான்கள். ஆனாலும் எனக்குப் பயமாக இருந்தது. சொன்னால் வேலைக்குப் போக வேண்டாம் என்றுவிடுவாரோ? மறைக்கவும் மனசு வரவில்லை.

சாயங்காலம் சொன்னேன். கேட்டுவிட்டுக் காகிதமும் பேனாவும் எடுத்துவந்தார். பிறகு ஆபீஸ் வழக்கப்படி ஒரு டிராஃப்ட் எழுதினார். அதை நான் டைப் அடித்து, கார்பன் காப்பியோடு கொண்டுவர வேண்டும். இரண்டே வரி. 'தங்கள் கடிதம் கிடைத்தது. அதில் என்னைப் பற்றிக் கண்ட விவரம் உண்மையே.'

நான் சிரித்துவிட்டேன். அவர் சிரிக்கவில்லை.

"இதனால வேற வரன் வராமப் போச்சுன்னா, என் மேல கோவம் வருமாம்மா?"

"வராதுப்பா."

வரன் வரவில்லை. கோபம் வந்தது. அல்சூர் ஏரிக்கரையில் குடும்பம் குடும்பமாக உட்கார்ந்திருப்பவர்களைப் பார்க்கும்போதெல்லாம் அவர் மேலேயே வந்தது. அதை அவரிடம் கடைசிவரை சொல்லவில்லை.

நாலு வருஷத்தில் அவரும் போய்விட்டார். காரியமெல்லாம் முடிந்து வேலைக்குக் கிளம்பிய முதல் நாள், கதவைப் பூட்டிவிட்டுப் பழக்கதோஷத்தில் "போயிட்டு வரேம்ப்பா" என்றேன். பதில் வராமல் கால் நகரவில்லை. தெருமுனையில் என் பஸ் வந்து, நின்று, போய்விட்டது.