அம்மா ராட்டினம் பார்க்கப் போன வழி

என் அம்மாவுக்கு வண்டி ஆகாது. கோலாலம்பூருக்கு வடக்கே மலைநாட்டில், கம்போங் ராஜா என்ற சிறு டவுனுக்கு மேலே இருந்த எங்கள் தேயிலை எஸ்டேட்டில் இதை அறியாதவர் யாரும் இல்லை. செங்குத்தான சரிவில் முதுகுக் கூடையோடு நாள் முழுக்க நின்று கொழுந்து பறிப்பவர், பஸ்ஸில் ஏறினால் சில வளைவுகளுக்குள் முகம் வெளுத்து, முந்தானையை வாயில் பொத்திக்கொள்வார். அதனால் கால் போகிற தூரம்தான் அவருடைய ஊர். டவுனுக்கு நடந்து போய் நடந்து வருவார். சிங்கப்பூரில் அவருடைய ஒரே தம்பியின் கல்யாணம் நடந்தபோதுகூட அப்பா மட்டும்தான் போய்வந்தார்.

அந்தத் தம்பி, என் மாமா, எஸ்டேட்டிலேயே வளர்ந்து, பதினெட்டு வயதில் வேலை தேடி முதல் முறையாக மலையிறங்கியவர். கப்பல் பட்டறையில் வேலை கிடைத்து அங்கேயே தங்கிவிட்டார். எழுபதுகளின் கடைசியில் என் அப்பா நெஞ்சுவலி வந்து இறந்தபோது தந்தி அடித்தோம். மாமா வரவில்லை. தந்தி தாமதமாகக் கிடைத்தது என்று பிறகு செய்தி வந்தது. ஆனால் அதே பட்டறையில் வேலை பார்த்த எங்கள் எஸ்டேட்காரர் ஒருவர் விடுமுறைக்கு வந்தபோது பேச்சுவாக்கில் சொல்லிவிட்டார், தந்தி கிடைத்த அன்றே மாமா லீவு போட்டுக் கிளம்பினாராம். கிளம்பியவர் எங்கே போனார்? அம்மா அதை அந்த எஸ்டேட்காரரிடம் கேட்கவில்லை. யாரிடமும் அதைப் பற்றிப் பேசவும் இல்லை. ஆனால் அதற்குப் பிறகு தம்பி என்ற சொல்லே அவர் வாயில் வரவில்லை.

சில வருடங்கள் கழித்து மாமாவின் மனைவியிடமிருந்து அழைப்பு வந்தது. கடலோரத்தில் பெரிய பொழுதுபோக்குப் பூங்கா இருக்கிறதாம். ராட்சத ராட்டினம், தலைகீழாகக் கவிழ்வது போல ஓடும் ரயில், இன்னும் என்னென்னவோ. பிள்ளையையும் கூட்டிக்கொண்டு வாருங்கள் என்று சொல்லியிருந்தார். பிள்ளை என்றது என்னைத்தான். நான் அப்போது எஸ்டேட் ஃபேக்டரியில் தூள் பிரிக்கும் பகுதியில் வேலைக்குச் சேர்ந்திருந்தேன். வயது இருபதைத் தாண்டியிருந்தாலும் ராட்டினம் என்றதும் மனம் துள்ளியது. அம்மா ஒத்துக்கொள்ள மாட்டார் என்று நினைத்தேன்.

"போலாம்," என்றார் அம்மா. "அவன நேர்ல பாத்து ஒரு வார்த்தை கேக்கணும்."

எப்படிப் போவது என்பதுதான் அடுத்த கேள்வி. அது எங்கள் வீட்டுக் கேள்வியாக இல்லாமல் வரிசை வீடுகளான எங்கள் லைன் முழுவதற்குமான கேள்வியாகிவிட்டது. தண்ணீர்க் குழாயடியில் ஆளுக்கொரு வழி சொன்னார்கள். தானா ராத்தாவுக்குப் பஸ், அங்கிருந்து மலையடிவாரத்துத் தாப்பாவுக்கு இன்னொரு பஸ், பிறகு ரயில். அதுதான் மலிவு, ஆனால் கீழே இறங்கும் அந்தப் பாதை முழுக்க வளைவு. டாக்சி சீக்கிரம் போய்விடும், ஆனால் முன்பின் தெரியாத ஆட்களோடு நெருக்கிக்கொண்டு, ஜன்னலை மூடிக்கொண்டு உட்கார வேண்டும். கோலாலம்பூரிலிருந்து சிங்கப்பூருக்கு ஏர்கண்டிஷன் பஸ் இருக்கிறது என்றார் ஒருவர். அந்தக் குளிரும் மெத்தை வாடையும் போதும், ஏறும்போதே வாந்தி வந்துவிடும் என்றார் இன்னொருவர். விமானத்தில் போனால் வளைவே கிடையாது என்று சொல்லிப் பக்கத்து வீட்டு அக்கா எல்லோரையும் சிரிக்க வைத்தார்.

அம்மா எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "வளைவு வர்ற எடத்துல மட்டும் எறங்கி நடந்துர முடியாதா?" என்றார். அவர் சிரிப்புக்குச் சொல்லவில்லை.

கடைசியில் பஸ்தான் என்று முடிவானது. பாஸ்போர்ட் எடுத்து, லீவு சொல்லி, எலுமிச்சம்பழமும் பிளாஸ்டிக் பைகளுமாகக் காலையில் கம்போங் ராஜாவில் ஏறினோம். கோலா தெர்லா தாண்டும்வரை அம்மா கண்ணை இறுக மூடிக்கொண்டு எலுமிச்சையை முகர்ந்துகொண்டிருந்தார். திரிங்காப் வருவதற்குள் எலுமிச்சை கைவிட்டுவிட்டது. கொண்டுவந்த பைகளும் போதவில்லை. முன் சீட்டுக்காரர் எழுந்து வேறு இடம் தேடிப் போனார். அம்மா என் கையைப் பிடித்து, "எறங்கிரலாம்," என்றார்.

திரிங்காப்பில் சாலையோரம் இறங்கி உட்கார்ந்தோம். பஸ் போய்விட்டது. இன்னும் மலையிறங்கவே இல்லை. தாப்பா பாதையின் நூற்றுக்கணக்கான வளைவுகள் அப்படியே மிச்சமிருந்தன. திரும்பிப் போய்விடலாம் என்று நான்தான் சொன்னேன். அம்மா எதிர்ப்பக்கம் பார்த்துக்கொண்டிருந்தார். அங்கே ஒரு லோரியில் முட்டைக்கோஸ் கூடைகளை ஏற்றிக்கொண்டிருந்தார்கள்.

"அது எங்க போவுது, கேளு," என்றார்.

லோரி டிரைவர் ஒரு சீனர். பனியனும் தோளில் துண்டுமாக நின்றிருந்தார். மலாயில் கேட்டேன். தாப்பா வழியாகக் கோலாலம்பூர் போவதாகச் சொன்னார். அம்மாவின் நிலையைப் பார்த்துவிட்டு முன் கதவைத் திறந்து, "நாயிக் லா," என்று ஏறச் சொன்னார். அம்மா கதவருகே போய் உள்ளே முகர்ந்து பார்த்துவிட்டுப் பின்வாங்கினார். டீசல் வாடை. பிறகு லோரியின் பின்பக்கத்தைக் கை நீட்டிக் காட்டினார். டிரைவர் யோசித்தார். கூடைகளுக்கு முன்னால், டிரைவர் அறையை ஒட்டி இரண்டு பேர் நிற்குமளவுக்கு இடம் ஒதுக்கித் தரும்படி கூடை ஏற்றியவர்களிடம் சொன்னார். ஏற்றிவிட்ட ஆள் ஒரு சாக்கை விரித்துக் கொடுத்தார்.

அம்மா உட்காரவில்லை. சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு, முன் கம்பியைப் பிடித்து நின்றார். லோரி கிளம்பியது. குளிர்காற்று முகத்தில் அறைந்தது. ஒவ்வொரு வளைவிலும் நான் அம்மாவின் முகத்தைப் பார்த்தேன். அவர் முகம் வெளுக்கவில்லை. வளைவு வருவதை முன்னமே பார்த்து, சரிவில் கூடையோடு கால் ஊன்றுவது போல ஒரு காலை ஊன்றி உடம்பைச் சாய்த்துக்கொண்டார். ரிங்லெட் தாண்டிக் காட்டுக்குள் இறங்கும்போது கொண்டை அவிழ்ந்து முடி பறந்தது. அவர் அதைக் கட்டவும் இல்லை.

"நல்லாருக்கியாம்மா?" என்று கத்தினேன்.

"பேசாம வா," என்றார். கோபமாக இல்லை. ஒரு முக்கியமான வேலையில் இருப்பவர் சொல்வது போல.

தாப்பாவில் டிரைவர் எங்களை இறக்கிவிட்டு, காசு கொடுக்கப் போனபோது கையை ஆட்டி மறுத்துவிட்டார். அங்கிருந்து ரயில் நிலையம்வரை சமவெளிப் பாதை; நடந்தே போனோம். ரயில் அம்மாவுக்கு எதுவும் செய்யவில்லை. ஜன்னலோரம் உட்கார்ந்து ரப்பர்த் தோட்டங்களைப் பார்த்துக்கொண்டே வந்தார். கோலாலம்பூரில் வண்டி மாறி, மறுநாள் காலை சிங்கப்பூர் போய்ச் சேர்ந்தோம்.

மாமாவும் அத்தையும் ஸ்டேஷனுக்கு வந்திருந்தார்கள். மாமாவுக்கு முன்மண்டை வழுக்கை விழுந்திருந்தது. "அக்கா, நீ எப்படி வந்த?" என்று திரும்பத் திரும்பக் கேட்டார். அம்மா, "வந்தேன்," என்று மட்டும் சொன்னார். கேட்க வந்த வார்த்தையை அன்று கேட்கவில்லை.

மறுநாள் பூங்காவுக்குப் போனோம். நான் கற்பனை செய்ததைவிடப் பெரியதாக இருந்தது. ராட்டினத்தின் உச்சியைப் பார்க்கக் கழுத்து வலித்தது. அதன் பக்கத்தில் இரும்புத் தண்டவாளத்தில் சின்னச் சின்னப் பெட்டிகள் ஏறி இறங்கி, சாய்ந்து, வளைந்து ஓடின. உள்ளே உட்கார்ந்தவர்கள் அலறினார்கள். அம்மா வெகுநேரம் நின்று பார்த்தார்.

"இதுக்கு டிக்கெட் வேற வாங்கறாங்களா?" என்று கேட்டார். "நம்ம தாப்பா பஸ்ல ஏத்திவிட்டா போதுமே."

அத்தைக்குச் சிரிப்பு தாங்கவில்லை. மாமா டிக்கெட் வாங்கி வந்து எனக்கும் அத்தைக்கும் கொடுத்தார். அவர் கையில் வேறு டிக்கெட் இல்லை.

"நீ போலியா?" என்றார் அம்மா.

"நான் ஒங்கூட ஒக்காந்திருக்கேன்க்கா."

அத்தை ரொம்பச் சாதாரணமாகச் சொன்னார்: "இவரா அண்ணி? இவருக்குப் பஸ்ஸே ஆகாது லா. தெரியாதா ஒங்களுக்கு? வேலைக்கே சைக்கிள்லதான் போறாரு. இங்க நாம நடந்துதான வந்தோம்?"

உண்மைதான். வீட்டிலிருந்து அத்தனை தூரத்தையும் நடந்தே வந்திருந்தோம். நான் அதைக் காசு மிச்சம் பிடிக்கிறார்கள் என்று எண்ணியிருந்தேன். அம்மாவுக்கு நடை வழக்கம் என்பதால் அவர் அதைப் பற்றி யோசிக்கவே இல்லை.

மாமா தரையைப் பார்த்தார். அம்மா அவரையே பார்த்துக்கொண்டிருந்தார். நானும் அத்தையும் வரிசைக்குப் போகாமல் நின்றோம்.

"மச்சான் செத்தப்ப நீ கெளம்புனதா சொன்னாங்க," என்றார் அம்மா.

"கெளம்புனேன்க்கா."

"எங்க போன?"

மாமா சொன்னார். ரயிலில் தாப்பாவரை நன்றாகத்தான் வந்தாராம். பஸ்ஸில் ஏறிப் பாதி மலைகூட வரவில்லை. வழியில் ஓர் அருவிக்குப் பக்கத்தில் இறங்கிவிட்டார். அடுத்து ஒரு டாக்சியை நிறுத்தி ஏறினார். அந்த டாக்சிக்காரர் சிறிது தூரத்தில் திட்டி இறக்கிவிட்டுப் போய்விட்டார். நடக்கலாம் என்று நடந்திருக்கிறார். ரிங்லெட் வருவதற்குள் பொழுது சாய்ந்துவிட்டது. அடக்கம் முடிந்திருக்கும் என்று தெரிந்ததும் சாலையோரத்தில் உட்கார்ந்து அழுதிருக்கிறார்.

"மறுநாளாச்சும் வந்திருக்கலாமே," என்றார் அம்மா.

"எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு வர்றது? பஸ்ல வாந்தி எடுத்தேன், அதனால வரலன்னு லைன்ல போய்ச் சொல்றதா? ஆம்பள. கேட்டா சிரிப்பாங்க. தந்தி லேட்டுன்னு சொல்லிட்டேன்."

வேறு யாராக இருந்தாலும் இதை நம்பியிருக்க மாட்டார்கள். வயிற்றைப் புரட்டியதற்காக ஒருவன் அக்காள் புருஷனின் சாவுக்கு வராமல் இருப்பானா என்று கேட்டிருப்பார்கள். அம்மா அப்படிக் கேட்கவில்லை. தம்பியின் கல்யாணத்தன்று லைன் வீட்டு வாசலில் தனியாக உட்கார்ந்திருந்தவர் அவர். தம்பியின் முதுகில் கையை வைத்தார்.

"எங்கிட்டயாச்சும் சொல்லியிருக்கலாம்டா. நான் சிரிச்சிருப்பனா?"

நானும் அத்தையும் அந்தக் கவிழும் ரயிலில் ஏறினோம். அதன் உச்சியிலிருந்து கீழே பார்த்தபோது அம்மாவும் மாமாவும் பெஞ்சில் பக்கத்துப் பக்கத்தில் உட்கார்ந்து வேர்க்கடலை உரித்துக்கொண்டிருந்தது தெரிந்தது.

அந்த வருடம் தீபாவளிக்கு மாமா வந்தார். தாப்பாவில் எந்த இடத்தில் நிற்க வேண்டும், காய்கறி இறக்கிவிட்டு மேலே திரும்பும் லோரிகள் எப்போது வரும், பின்னால் எப்படி நிற்க வேண்டும் என்று அம்மா விவரமாகச் சொல்லியனுப்பியிருந்தார். நடுவழியில் மழை பிடித்துக்கொண்டது. கம்போங் ராஜாவில் இறங்கி லைனுக்கு நடந்து வந்தபோது சட்டை நனைந்து, தலையில் முட்டைக்கோஸ் சருகு ஒட்டி, குளிரில் பல் கிட்டிப்போய் நின்றார். நின்ற கோலத்தைப் பார்த்து லைன் முழுக்கச் சிரித்தது. மாமாவும் சிரித்தார்.

இப்போது யோசித்தால் அந்தச் சில வருடங்கள்தான் மனதை உறுத்துகின்றன. சண்டை என்று ஒன்று நடக்கவே இல்லை. சொத்துத் தகராறு இல்லை, யாரும் யாரையும் ஒரு வார்த்தை தப்பாகப் பேசியதில்லை. ஒரே உடம்பு வாகு உள்ள இருவர், ஒரு மலையின் மேலும் கீழும் இருந்துகொண்டு, ஒருவர் இன்னொருவரின் மௌனத்துக்கு அர்த்தம் தேடிக்கொண்டிருந்தார்கள். இப்படி எத்தனை வீடுகளில் எத்தனை பேர் இருப்பார்களோ என்று சில சமயம் தோன்றும்.

தீபாவளிக்கு மறுநாள் மூவரும் இடுகாட்டுக்குப் போனோம். அப்பாவின் மேட்டில் புல் முழங்கால்வரை வளர்ந்திருந்தது. மாமா யாரிடமும் கேட்காமல் மண்டியிட்டுக் கையால் பிடுங்கத் தொடங்கினார். அம்மா சற்றுத் தள்ளி நின்று பார்த்தார். பிறகு அவரும் உட்கார்ந்து, மறுபக்கத்திலிருந்து பிடுங்கிக்கொண்டு வந்தார்.