சட்டை ஓரத்து மஞ்சள்

அவனுடைய வெப்சைட்டில் 'எங்கள் கதை' என்று ஒரு பக்கம் இருந்தது. ஹூஸ்டனை ஒட்டிய கேட்டியில் தன் வீட்டு கராஜில், ஹிப்-ஹாப் மேல் இருந்த காதலால், தனி ஆளாக இந்த டி-ஷர்ட் பிராண்டைத் தொடங்கினானாம். மூன்று தடவை படித்தேன். அதில் நான் எங்கேயும் இல்லை. அதனால் நடந்ததை நான் எழுதுகிறேன்.

ஹூஸ்டன் பையன்களெல்லாம் முழங்கால் வரை தொங்கும் டி-ஷர்ட் போட்டுத் திரிந்த காலம். அவனும் நானும் ஒரே காலேஜில் இரண்டாம் வருஷம், சேர்ந்துதான் தொடங்கினோம். கராஜ் அவனுடையது, பிரிண்ட் போடும் சட்டமும் அவனுடையது. படம் என்னுடையது. நம்ம ஊர் ஆட்டோ ஒன்று. இந்த ஊர்த் தெருவில் பளபளவென்று ஊர்ந்து போகும் கார்களைப் போலச் சக்கரத்திலிருந்து கம்பி நீட்டிக்கொண்டு, பின்னால் இரண்டு பெரிய ஸ்பீக்கரோடு. அதைச் சரியாக வரைய ஒரு செமஸ்டர் ஆனது. கால்குலஸில் சி வாங்கியது அதனால்தான்.

முதல் இரண்டு டஜனை எங்கள் வீட்டில் வைத்துத்தான் மடித்தோம். அம்மா ஒன்றை விரித்துப் பார்த்தாள்.

"இது சட்டையாடி, நைட்டியா?"

மறுநாள் காலேஜ் விட்டு வந்தால், இருபத்து நாலு சட்டையிலும் உள்பக்க ஓரத்தில் மஞ்சள் பொட்டு. புதுத்துணிக்கு மஞ்சள் வைக்காமல் வீட்டைவிட்டு அனுப்புவதா?

"அம்மா, இது விக்கிற சரக்கு. உன் தீபாவளிப் புடவை இல்ல."

"விக்கப்போறது என் பொண்ணுதானே. உள்பக்கம்தான், யாருக்குத் தெரியப்போவுது?"

கத்தித் தீர்த்தேன். வெட்கத்தில் அவனிடம் மஞ்சளைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவில்லை. என் பரீட்சை முடியும்வரை கடைகளில் காட்டட்டும் என்று பெட்டியை அப்படியே கொடுத்தேன். முடிந்து வந்து பார்த்தால் வெப்சைட். போன் பண்ணினேன்.

"சில் பண்ணு. நீ ஜஸ்ட் டிராயிங்தானே பண்ண?" என்றான்.

அந்த 'ஜஸ்ட்'டை ஒரு வாரம் மென்றுகொண்டிருந்தேன். சனிக்கிழமை மதியம் நம்மூர்க் கடைகள் வரிசையாக இருக்கும் ஹில்கிராஃப்ட் தெருவில் ஒரு ஜவுளிக்கடைக்குச் சட்டைகளைக் கொண்டுபோவதாக அவனே வெப்சைட்டில் போட்டிருந்தான். அம்மா புடவை எடுக்கும் கடை. முதலாளி கீழக்கரைக்காரர். நான் போனபோது கவுன்ட்டரில் பெட்டி திறந்திருந்தது. புடவை பார்க்க வந்த ஆண்ட்டிகள் நாலைந்து பேர் சுற்றி நின்றார்கள்.

நான் ரொம்ப மரியாதையாகக் கேட்டேன். "இதையெல்லாம் நீ ஒருத்தனே பண்ணியா?"

"டிசைன், பிரிண்ட், ஃபோல்டிங், எல்லாம் நான்தான். இந்த பாக்ஸை வேற யாரும் தொடல."

இதற்காகத்தான் வந்திருந்தேன். மேலே இருந்த சட்டையை எடுத்து ஓரத்தைத் திருப்பிக் காட்டினேன்.

அவன் குனிந்து பார்த்தான். "ஓ, அது துரு. மெஷின்ல ஒட்டியிருக்கும்."

"அங்கிள், கொஞ்சம் சோப் கிடைக்குமா?" என்று முதலாளியிடம் கேட்டேன்.

ஒரு சொட்டு கைகழுவும் சோப்பு கிடைத்தது. தேய்த்தேன். பொட்டு ஆரத்தித் தண்ணீர் மாதிரி சிவந்தது. ஒரு ஆண்ட்டி சிரித்துவிட்டார். அவன் மட்டும் புரியாமல் எல்லார் முகத்தையும் பார்த்தான். அங்கிள் மற்ற சட்டைகளையும் ஒவ்வொன்றாகத் திருப்பினார். வேண்டுமென்றே மெதுவாகத் திருப்பினார் என்று இன்றும் நம்புகிறேன்.

"ஏன் தம்பி, உங்க கராஜ் மெஷின் புதுத்துணிக்கு மஞ்சள் எல்லாம் வைக்குதா?"

பிறகு என்னைப் பார்த்தார். "இது உங்க அம்மா கைவேலையாம்மா?"

"படம் என் கைவேலை அங்கிள். மஞ்சள் அம்மாவோடது."

பெட்டியை என் பக்கம் தள்ளினார்.

பார்க்கிங் லாட்டில் ஓடிவந்தான். "சரி, உன் பேரையும் போடறேன். ஓகே?"

"வேணாம். அந்த 'எங்கள் கதை' பக்கத்தையே எடுத்துடு."

அன்று சாயங்காலமே எடுத்துவிட்டான்.

மனசு ஆறியதா என்றால், இல்லை. அடுத்த செமஸ்டர் செவ்வாய்க்கிழமைகளில் எங்களுக்கு ஒரே வகுப்பு. அந்தப் பொட்டு சிவந்த சட்டையைப் போட்டுக்கொண்டு, ஓரத்தை வெளிப்பக்கம் மடித்துவிட்டு, அவனுக்கு நேர் முன் சீட்டில் போய் உட்காருவேன். துவைத்துத் தருகிறேன் என்று அம்மா கேட்டுக்கொண்டே இருந்தாள். தரவில்லை. துவைத்தால் போய்விடுமே.