கை மட்டும் வரும் படம்

அக்கம்மாளுக்கு மாலைக்கண். திராட்சைப் பந்தலுக்கடியில் உச்சிவெயிலிலேயே அவளுக்கு அந்திதான். வெளியே சொன்னால் மறுநாளே வேலை போகும். காய் பருக்க ஒவ்வொரு குலையையும் ஒரே ஒரு தடவை மருந்துத் தண்ணீரில் முக்கி எடுக்க வேண்டும். மறுபடி முக்கினால் கெட்டுப்போகும். மற்ற பெண்கள் மருந்தில் கலந்த சாயம் ஒட்டாத குலையாகப் பார்த்து முக்குவார்கள். அக்கம்மாள் புறங்கையை வைத்து ஈரம் பார்ப்பாள்.

அண்ணன் மகன் விஷாலுக்கு மட்டும் விஷயம் தெரியும். கண்ணாஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனவன் அவன்தான். மதுரையில் சினிமா படித்து வந்தவன், கதையில்லாமல் வசனமில்லாமல், ஒரு மனுஷி இருட்டோடு மல்லுக்கட்டுவதைக் குறும்படமாக எடுக்கப்போகிறானாம். எரிகிற வீட்டில் பிடுங்கியது லாபம் என்று அத்தையிடமே வந்து நின்றான்.

“கை மட்டுந்தேன் அத்த. மொகமே வராது.”

முகம் வராவிட்டால் யாருக்குத் தெரியப்போகிறது என்று நம்பித் தொலைத்தாள்.

ராயப்பன்பட்டியில் ஒரு மண்டபத்தில் படம் போட்டார்கள். தோட்டத்தில் எடுக்க விட்டதற்காக, அங்கே வேலை வாங்கும் சுருளியாண்டிக்கு முன்வரிசை நாற்காலி. திரை முழுக்கக் கறுப்பு. அதற்குள் ஒரு கை குலை குலையாகத் தடவிக்கொண்டு போனது. பாதிப்பேர் கொட்டாவி விட்டார்கள். தோட்டத்தில் அக்கம்மாளுக்குப் பக்கத்து வரிசையில் வேலை பார்க்கும் மாரீஸ்வரிக்கு வாய் சும்மா இருக்குமா?

“அது அக்கம்மாக்கா கையில்ல?”

படம் முடிந்ததும் விஷால் மைக்கைப் பிடித்தான். “இதுல நடிப்பே கெடையாது. எங்க அத்தைக்கு நெசமாவே இருட்டுல கண்ணு தெரியாது.”

கைதட்டினார்கள். சுருளியாண்டி மட்டும் எழுந்து, பின்னால் இருந்த அக்கம்மாள் பக்கம் திரும்பினான்.

“ஏத்தா, போன வெள்ளாமையில கொல கெட்டதெல்லாம் ஓன் கைவேலதானா?”

“அது மழைக்குக் கெட்டதுண்டு ஊருக்கே தெரியும்ல!” என்று கத்தினாள். காதுகொடுக்க ஆளில்லை.

ஓடிப்போய் விஷாலின் சட்டையைப் பிடித்தாள்.

“ஏலே, ‘நான் சொல்லித்தேன் அத்த அப்பிடி நடிச்சாக’ண்டு ஒரு வார்த்த சொல்லுடா. பொழப்பு போகுதுடா!”

“அதெப்பிடி அத்த? படமே அதுலதேன் நிக்கிது. போட்டிக்கு வேற அனுப்பிருக்கேன்.”

விட்டாள் ஓர் அறை. மைக் அணையாததால் மண்டபம் முழுக்கக் கேட்டது. துரோகி, இன்னும் நாலு வாங்கியிருக்க வேண்டியவன்.

சுருளியாண்டி அவளைப் பார்க்கவே இல்லை. மாரீஸ்வரியிடம், “நாளைக்கு அக்கம்மா வரிசையையும் சேத்து நீயே பாத்துக்க” என்றான்.

மாரீஸ்வரி செருப்பைத் தேடுகிறவள் போலக் குனிந்துகொண்டு, “சரிண்ணே” என்றாள்.