பதினேழு பிடி ஓஷ்

முகிம்ஜானைத் தெரியாதவர்கள் எங்கள் மஹல்லாவில் கிடையாது. மர்கிலான் சந்தைப் பக்கம் யாரைக் கேட்டாலும் கை காட்டுவார்கள்: "அதோ, முடிதிருத்துற கடை வாசல்ல தர்பூசணி தின்னுக்கிட்டு இருக்கான் பாருங்க, அவன்தான்." அந்தக் கடை என்னுடையது. என் பெயர் யோர்கின். அவனுக்கு ஆறு வயது மூத்தவன், அடுத்த வீட்டுக்காரன். அவன் தலைமுடிக்கு இருபது வருடமாக நான்தான் பொறுப்பு. அவனைப் பற்றிப் பேச இதைவிட என்ன தகுதி வேண்டும்?

குத்துச்சண்டையில் முகிம்ஜான் ஓங்கி அடிக்கிறவன் இல்லை. தொட்டுவிட்டு ஓடுகிறவன். மூன்று சுற்றில் எதிராளி காற்றோடு சண்டை போட்டுக் களைத்துப் போவான், இவன் புள்ளிகளைப் பொறுக்கிக்கொண்டு இறங்கி வருவான். அமெச்சூர் சண்டைக்கு அது போதும். பத்தொன்பது வயதில் ஆசிய இளைஞர் போட்டியில் தங்கம், அடுத்த இரண்டு வருடத்தில் இரண்டு வெள்ளி. முதல் பதக்கத்துக்கு ஒரு கம்பளம் பரிசு வந்தது. இரண்டாவதற்குக் குளிர்சாதனப் பெட்டி. மூன்றாவதற்கு ஒரு காளைக்கன்று. அது அவன் அம்மா இனோபத் அத்தையின் திராட்சைக் கொடியை ஒரே வாரத்தில் தின்று தீர்த்துவிட்டது. "அடுத்த பதக்கத்துக்கு இன்னொரு மாடு வந்துச்சுன்னா நீயும் அதோடயே கொட்டகையில படுத்துக்க" என்றாள் அத்தை.

அடுத்த பதக்கம் வரவில்லை. அவனுக்கு இருபத்தாறு வயதானபோது அதே எடையில் இரண்டு சின்னப் பையன்கள் தேசிய அணிக்கு வந்தார்கள். யாரும் இவனைப் போ என்று சொல்லவில்லை. கூப்பிடுவதை நிறுத்திவிட்டார்கள், அவ்வளவுதான். ஒரு வருடம் என் கடை வாசலிலேயே உட்கார்ந்திருந்தான். வருகிறவர்களெல்லாம், "என்ன சாம்பியன், அடுத்து எப்போ?" என்று கேட்பார்கள். கேட்ட இரண்டு பேருக்கு நான் வேண்டுமென்றே காதோரம் கோணலாக வெட்டி அனுப்பியிருக்கிறேன்.

அவனுடைய அண்ணன்கள் இரண்டு பேரும் மாஸ்கோவில் தரைக்கு ஓடு பதிக்கிறார்கள். வருடத்தில் பதினோரு மாதம் இனோபத் அத்தை அவர்களைக் கைப்பேசிக் கண்ணாடிக்குள்தான் பார்க்கிறாள். அந்த வருட ஜூன் மாதத்தில் மூத்தவன் கூப்பிட்டு, தம்பிக்கும் வேலை பார்த்து வைத்துவிட்டதாகச் சொன்னான். ஜூலை பதினைந்து, திங்கட்கிழமை விமானம். அத்தை "சரிப்பா" என்றாள். பேசி வைத்த பிறகு எங்கள் வீட்டுக்கு வந்து என் மனைவியிடம் ஒரு மணி நேரம் அழுதாள்.

அந்த நேரத்தில்தான் தாஷ்கண்டிலிருந்து போத்திர் என்ற ஏற்பாட்டாளர் வந்தார். தொழில்முறைச் சண்டைகள் நடத்துகிறவர். ஃபெர்கானா அரங்கத்தில் ஜூலை பதின்மூன்று, சனிக்கிழமை ஆறு சுற்றுச் சண்டை. எடை அறுபத்து மூன்றரைக் கிலோ. ஜெயித்தால் மேலும் நான்கு சண்டைகளுக்கு ஒப்பந்தம், தாஷ்கண்டில் பயிற்சி. எடை ஒரு கிராம் கூடினாலும் எல்லாம் ரத்து.

முகிம்ஜான் ஒத்துக்கொண்டான். சங்கடங்கள் ஒவ்வொன்றாக வந்தன. மூன்று சுற்றுக்குப் பழகிய நெஞ்சு நான்காவது சுற்றில் வீட்டுக்குப் போகலாம் என்றது. கையுறை மெல்லியது, தொட்டுவிட்டு ஓடினால் மதிப்பெண் கிடையாது. எல்லாவற்றையும்விடப் பெரிய சங்கடம் அத்தைக்கு.

"பனியன் போட மாட்டாங்களா?"

"தொழில்முறைல கிடையாதும்மா."

"ஊர் மொத்தமும் பாக்கும்டா. வெறும் உடம்போட நிப்பியா? நான் வெளிய தல காட்ட வேணாமா?"

"நல்ல உடம்புதானே அத்தை" என்றேன். என் மீது துடைப்பம் பறந்தது.

இனி நடந்ததற்கு எங்கள் மஹல்லா தலைவர் சோபிதலி மாமாதான் காரணம். போக்குவரத்துக் காவலராக இருந்து ஓய்வு பெற்றவர். தெருவில் பேசும்போதும் விசில் ஊதுகிற குரல். இதுவரை பதக்கம் வந்த பிறகுதான் ஓஷ் என்கிற ஆட்டுக்கறிச் சோறு போட்டோம், இந்தத் தடவை சண்டைக்கு முன்னாலேயே மஹல்லா கூடிச் சாப்பிட்டு துவா கேட்டுவிடலாம் என்று அவருக்கு ஒரு யோசனை. அத்தையிடம் மட்டும் சொன்னார். அவளும் குளிர்ந்து போய்த் தலையாட்டிவிட்டாள். "பையன்கிட்ட சொல்லாத, சந்தோஷமா அதிரட்டும்" என்று வேறு சொல்லி வைத்தார்.

வெள்ளிக்கிழமை விடியற்காலை ஐந்து மணிக்கு முகிம்ஜான் என் கடைத் தராசில் ஏறினான். அறுபத்து மூன்று கிலோ அறுநூறு. நூறு கிராம் அதிகம், மதியத்துக்குள் தானாக இறங்கிவிடும். இரண்டு நாளாகத் தண்ணீரைக்கூட வாய் கொப்பளித்துத் துப்பிக்கொண்டிருந்தான். இறங்கிச் சட்டை போடுகிறான், வெளியே கர்னாய் ஊதுகிற சத்தம். ஆள் உயரத்துக்கு மேலே நீளும் குழல், கல்யாணத்துக்கு ஊதுவது.

போய்ப் பார்த்தால் தேநீர்க்கடை முற்றத்தில் இருநூறு ஆண்கள். இரண்டு பெரிய கொப்பரையில் ஓஷ். ஆட்டுக்கொழுப்பு உருகி, மஞ்சள் காரட்டும் அரிசியும் ஒன்றாகி மின்னுகிறது. முகிம்ஜானைப் பார்த்ததும் இருநூறு பேரும் எழுந்து நெஞ்சில் கை வைத்தார்கள். அவன் என்னைப் பார்த்தான். எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை.

உங்களுக்காக மஹல்லா எழுந்து நிற்கும்போது, "எனக்கு வேண்டாம்" என்று சொல்கிற ஆண்பிள்ளை ஃபெர்கானா பள்ளத்தாக்கில் இன்னும் பிறக்கவில்லை. அதிலும் பெரியவர்கள் தட்டிலிருந்து ஒரு பிடி அள்ளி, கட்டை விரலால் அழுத்தி, வாயருகே நீட்டினால் வாயைத் திறக்க வேண்டும். மூடினால் அவமரியாதை, காலத்துக்கும் பேச்சு இருக்கும். அங்கே பெரியவர்கள் பதினேழு பேர் உட்கார்ந்திருந்தார்கள்.

வேறு வழி தெரியாமல் ஒரு பொய்யை எடுத்து விட்டேன். "தம்பி இன்னைக்கு நோன்பு வச்சிருக்கான்."

எல்லோரும் இமாமைப் பார்த்தார்கள். அவர் தாடியைத் தடவிக்கொண்டார். "ரமலான் இல்லையே. நஃபில் நோன்புதானே, கட்டாயம் இல்லாதது? விருந்து வைக்கிறவங்க மனசு நோகாம இருக்க முறிச்சுக்கலாம். அதுக்கும் நன்மை உண்டு."

"நன்மை உண்டாம், வாயத் தொறடா" என்று சோபிதலி மாமா முதல் பிடியை ஊட்டினார். அது பிடியா, செங்கல்லா? பிறகு வரிசையாகப் பதினாறு பேர். கடைசி ஆள் எண்பத்தொரு வயது, கை நடுக்கத்தில் பாதி கீழே சிந்திவிட்டது. அல்லாஹ் அவருக்கு நீண்ட ஆயுளைக் கொடுக்கட்டும். மேலே பச்சைத் தேநீர் நான்கு கிண்ணம்.

எல்லாம் முடிந்து கையேந்தி துவா கேட்டார்கள். சோபிதலி மாமா முகத்தைத் தடவிக்கொண்டு சொன்னார்: "நாளைக்குக் காலையில எடை பாக்குறப்போ பிஸ்மி சொல்லிட்டு ஏறு."

முகிம்ஜான் தரையைப் பார்த்தபடி, "நாளைக்கு இல்ல மாமா. இன்னைக்கு" என்றான்.

"எது இன்னைக்கு?"

"எடை. இன்னைக்குப் பன்னெண்டு மணிக்கு. தொழில்முறைல சண்டைக்கு மொத நாளே பாத்துருவாங்க."

சோபிதலி மாமாவின் முகத்தில் ஈயாடவில்லை. இத்தனை வருடமும் அவன் அமெச்சூராக இருந்தபோது சண்டை நாள் காலையில்தான் எடை பார்த்தார்கள். மஹல்லாவில் அது சின்னக் குழந்தைக்கும் தெரியும். அதை நம்பித்தான் சாமர்த்தியமாக ஒரு நாள் முன்னாலேயே விருந்து வைத்திருந்தார் மனிதர்.

"அட மடப்பயலே, முதல் வாயிலயே சொல்றதுக்கென்ன?"

"வாயில ஓஷ் இருந்துச்சு மாமா."

தராசில் மறுபடி ஏற்றினோம். அறுபத்து நான்கு கிலோ நானூறு. தொள்ளாயிரம் கிராம் இறக்க ஆறு மணி நேரம். கதவுக்குப் பின்னால் இனோபத் அத்தை நின்றிருந்தாள். "நானே என் கையால அவன ஏரோப்ளேன்ல ஏத்திட்டேனே" என்று மட்டும் சொன்னாள். கோபத்தில் தலைவரைப் பார்த்து ஏதோ சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் அந்த மனிதர் முற்றத்தின் நடுவில் நின்று கத்தினார்: "சப்பானக் கழட்டுங்கடா!"

சப்பான் என்பது பஞ்சு வைத்துத் தைத்த நீள மேலங்கி. அந்த ஜூலை வெயிலிலும் மரியாதைக்காகப் பெரியவர்கள் போட்டு வந்திருந்தார்கள். நான்கு சப்பானை ஒன்றன் மேல் ஒன்றாக முகிம்ஜானுக்கு மாட்டி, இடுப்பில் கயிறு கட்டி ஓட விட்டோம். கால்வாய்க் கரையோரம் அவன் ஓட, பின்னால் மஹல்லா மொத்தமும் ஓடியது. முந்தின நாள் மாப்பிள்ளை ஆனவன் ஓடினான், ரொட்டிக்காரர்கள் மாவுக் கையோடு ஓடினார்கள். சோபிதலி மாமா இரண்டு தெரு தாண்டியதும் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார்.

"அவனுக்கு நூறு கிராம் கொறையறதுக்குள்ள உங்களுக்கு ரெண்டு கிலோ கொறஞ்சிரும் போல" என்றேன்.

"ஊட்டுனவன் ஓடித்தான் ஆவணும்" என்று மூச்சு வாங்கியபடி மறுபடி எழுந்தார். அந்த இடத்தில் என் கோபம் போய்விட்டது.

ஓடியது போக, ரொட்டி அடுப்புகள் எரிகிற அறையில் உட்கார வைத்தோம். பத்தரை மணிக்கு இருநூறு கிராம் பாக்கி. வியர்வை நின்றுவிட்டது. அவன் உதடு வெடித்திருந்தது. நான் கத்தரியை எடுத்தேன்.

"அண்ணே, முடி வேணாம்ணே."

நெற்றியில் விழுகிற அந்தக் கற்றை முடியை அவன் வளர்த்த கதை எனக்குத் தெரியும். அதைப் பார்த்துத்தான் அவன் மனைவி மொஹிதில் சம்மதித்ததாக ஒரு பேச்சு உண்டு. மொஹிதிலையே கேட்டோம். "முடி மாஸ்கோவுலயும் வளரும். எனக்கு மனுஷன் இங்க வேணும். மழிங்கண்ணே" என்றாள். தலையையும் தாடியையும் மழித்தேன், வாழ்க்கையில் அவ்வளவு கவனமாக யாருக்கும் மழித்ததில்லை. நூறு கிராம் போனது. மீதியை அவன் என் பழைய காரில், ஜன்னல் எல்லாம் ஏற்றி, வெப்பத்தைத் திருகிவிட்டு, ஃபெர்கானா வரைக்கும் உட்கார்ந்து கரைத்தான். ஓட்டிய எனக்கும் மயக்கம் வந்தது.

அரங்கத்தில் துண்டை மறைத்துப் பிடித்து, ஒட்டுத்துணி இல்லாமல் அவனைத் தராசில் ஏற்றினோம். அறுபத்து மூன்று கிலோ நானூற்று எண்பது. அந்தக் கூடத்தில் எங்கள் ஆட்கள் போட்ட சத்தத்துக்குப் போத்திர் காதைப் பொத்திக்கொண்டார்.

அடுத்து எதிராளி ஏறினான். அந்திஜானைச் சேர்ந்த அஸிம்ஜான், காளை மாதிரி கழுத்து, அவனுக்கும் இதுதான் முதல் தொழில்முறைச் சண்டை. அறுபத்து நான்கு கிலோ நூறு. அவன் கூட வந்த பெரியவர் தொப்பியைக் கழற்றிச் சுருட்டினார். "காலையில எங்க மஹல்லாவுல ஓஷ் போட்டோம்" என்றார் மெல்ல. "எடை நாளைக்குன்னு நெனச்சிட்டோம்."

நான் சிரித்த சிரிப்பில் வயிறு வலித்தது. போத்திர் சிரிக்கவில்லை. "விதிப்படி ரெண்டு மணி நேரம் அவகாசம். எறக்கலேன்னா அவன் ஒப்பந்தம் போச்சு. முகிம்ஜான், உனக்கு வேற ஆள் பாத்துத் தர்றேன், கவலப்படாத."

எங்களுக்கு ஒரு நஷ்டமும் இல்லை. ஆனால் முகிம்ஜான் எழுந்து போய், வியர்வையில் நனைந்து கிடந்த சப்பான்களை எடுத்து அஸிம்ஜானின் தோளில் போட்டான். "வா, நான் கூட ஓடுறேன். தனியா ஓடினா கால் நின்னுரும்."

நான் அவனை ஓரமாக இழுத்தேன். "பைத்தியமாடா நீ? நாளைக்கு உன் மூக்க ஒடைக்கப் போறவன். இன்னும் ஒரு வாய் தண்ணி குடிக்கல நீ, அவனுக்காக ஓடுறியா?"

"அவனுக்கும் ஒரு திங்கட்கிழம ஏரோப்ளேன் இருக்கும்ணே" என்றான்.

அரங்கத்தைச் சுற்றி இருவரும் ஓடினார்கள். அந்திஜான்காரர்களும் நாங்களும் பின்னால் ஓடினோம். ஒன்றரை மணிக்கு அஸிம்ஜான் சரியாக அறுபத்து மூன்றரை நின்றான். அப்புறம்தான் இரண்டு பேரும் ஒரே குடுவையிலிருந்து தண்ணீர் குடித்தார்கள்.

மறுநாள் மாலை அஸிம்ஜான் நன்றிக்கடனாக மெதுவாக அடிப்பான் என்று நான் எதிர்பார்த்தேன். அப்படி ஒன்றும் நடக்கவில்லை. முதல் மூன்று சுற்று முகிம்ஜான் பழையபடி தொட்டுத் தொட்டு ஓடினான். நான்காவதில் அவன் கால் கனத்தது, அஸிம்ஜானின் வலது கை வந்து மூக்கில் இறங்கியது. ஐந்தாவதில் முகிம்ஜான் கீழே விழுந்தான். நடுவர் எட்டு வரை எண்ணியபோது எழுந்தான். மூலையில் உட்கார வைத்து மூக்கில் பஞ்சை அடைத்தேன். "ஓட முடியலண்ணே" என்றான். "அப்ப நில்லு. நின்னு அடி" என்றேன். எனக்குக் குத்துச்சண்டை தெரியாது, வாயில் வந்ததைச் சொன்னேன்.

ஆறாவது சுற்றில் அவன் நின்றான். வாழ்க்கையில் முதல் தடவையாக ஓடாமல், மூன்று நிமிடம் ஒரே இடத்தில் நின்று, அடி வாங்கி, அதைவிட அதிகமாக அடித்தான். கடைசி அரை நிமிடத்தில் அந்தக் காளைக் கழுத்துக்காரன் முட்டி மடங்கிக் கயிற்றில் சாய்ந்தான். மூன்று நடுவர்களில் இரண்டு பேர் முகிம்ஜான் என்றார்கள். போத்திர் இரண்டு பேர் கைகளையும் ஒன்றாகத் தூக்கிப் பிடித்தார். இதே ஜோடி, அக்டோபரில், அந்திஜானில் என்று அறிவித்தார். இருவருக்கும் ஒப்பந்தம் உண்டு.

ஒலிவாங்கியை முகிம்ஜானிடம் கொடுத்து, ரசிகர்களுக்கு என்ன சொல்கிறீர்கள் என்று கேட்டார்கள். மொட்டைத் தலையும் வீங்கின முகமுமாக அவன் பெண்கள் வரிசையைத் தேடினான். இனோபத் அத்தை தலைத்துணி நுனியால் வாயைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். மகன் சண்டைக்கு அவள் வந்தது அதுதான் முதல் தடவை.

"அம்மா, நான் எங்கயும் போகல" என்றான்.

அரங்கத்தில் பாதிப் பேர் வீட்டில் ஒரு பிள்ளையாவது மாஸ்கோவில் இருக்கிறது. எனக்கு அழுகை வந்தது, நான் மறைக்கவில்லை. அத்தை எழுந்து நின்றாள். சோபிதலி மாமாவின் குரலையும் தோற்கடிக்கிற குரலில் கத்தினாள்:

"சரிடா, மொதல்ல ஒரு சட்டையப் போடு!"